ஒரு லட்சம் வாங்கினோம், எத்தனை கட்டப் போகிறோம்?

(வட்டப் பேரவைக் கூட்டத்தில் சங்கச் செயலாளர் ஆற்றிய உரை. கிராமக் கிளைகளில் படித்துக் காட்டுவதற்காக அச்சிடப்படுகிறது.)



இன்றைக்கு நாங்கள் விலை பற்றியோ, உரம் பற்றியோ, கரண்ட் பற்றியோ பேச வரவில்லை. நம் நிலத்துப் பத்திரம் வங்கிப் பெட்டிக்குள்ளே போய்ப் படுத்திருக்கிறதே, அது எத்தனை வருஷம் அங்கே இருக்கப் போகிறது, அதை வெளியே எடுக்க மொத்தம் எவ்வளவு பணம் கட்டப் போகிறோம், இந்தக் கணக்கைப் பேச வந்திருக்கிறோம். கையில் பேனா இருப்பவர்கள் எழுதிக்கொள்ளுங்கள். எழுதாதவர்கள் வீட்டில் படிக்கிற பிள்ளையிடம் இந்தத் துண்டுப் பிரசுரத்தைக் கொடுத்துக் கணக்குப் போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். தப்பு இருந்தால் எங்களிடம் வந்து சொல்லுங்கள்.

2021இல் நம் சங்க உறுப்பினர் ஒருவர் பாஸ்புத்தகத்தை எடுத்துக்கொண்டு சங்க அலுவலகத்துக்கு வந்தார். ரெண்டரை ஏக்கர்க்காரர். கிணறு ஆழப்படுத்தவும், மோட்டார் வைக்கவும், பைப் போடவும் 2011இல் நிலத்தை ஈடு வைத்து 3 லட்சம் வாங்கியிருந்தார். வட்டி 12 சதவீதம். பதினைந்து வருஷத் தவணை. வருஷத்துக்கு 44,047 ரூபாய். ஒரு தவணை தவறாமல் பத்து வருஷம் கட்டிவிட்டார்.

“செயலாளர் அண்ணே, பத்து வருஷத்துல 4 லட்சத்து 40 ஆயிரம் கட்டிட்டேன். வாங்குனதே 3 லட்சம்தான். இன்னும் பாதிக்கு மேல நிக்குதுன்னு பேங்குல சொல்றாங்க. என்னை ஏமாத்தறாங்களா?” என்று கேட்டார்.

எங்களுக்கும் கோபம் வந்தது. கிளம்பிப் போய் ஒரு கை பார்த்துவிடலாம் என்றுதான் நினைத்தோம். போவதற்கு முன்னால் கணக்கைப் போட்டுப் பார்த்துவிடுவோம் என்று உட்கார்ந்தோம். சாயங்காலம் வரை போட்டோம். நிலுவை 1,58,780 ரூபாய் வந்தது. வங்கி சொன்ன கணக்கு சரி. யாரும் ஏமாற்றவில்லை. கணக்கே அப்படி. ஆனால் கையெழுத்துப் போட்ட அன்றைக்கு இந்தக் கணக்கை அவருக்கு யாரும் சொல்லவில்லை. 44,047 என்ற ஒரு எண்ணை மட்டும் சொன்னார்கள். 6 லட்சத்து 60 ஆயிரம் என்ற மொத்த எண்ணைச் சொல்லவில்லை. நம்முடைய குறை இதுதான்.

தவணைக்குள்ளே என்ன இருக்கிறது?

நம் ஊர்ப் பேச்சில் 12 சதவீதம் என்றால் ‘நூத்துக்கு ஒரு ரூபா வட்டி’. “ஒரு ரூபா வட்டிதானே, ரெண்டு ரூபா, மூணு ரூபா வாங்குறவங்ககிட்ட மாட்டறதுக்கு இது எவ்வளவோ மேல்” என்கிறோம். மேல்தான், மறுக்கவில்லை. வெளியில் ரெண்டு ரூபா வட்டிக்கு ஒரு லட்சம் வாங்கினால் வருஷத்துக்கு 24,000 வட்டி மட்டும் கட்ட வேண்டும். பதினைந்து வருஷத்தில் 3 லட்சத்து 60 ஆயிரம் கட்டியும் அசல் ஒரு லட்சம் அப்படியே நிற்கும். வங்கித் தவணையில் கடைசி நாளில் அசலும் தீர்ந்துவிடும். ஒத்திக்கு விட்டால் நிலமே அடுத்தவர் கையில் இருக்கும், அசலைக் கொடுத்தால்தான் திரும்பும். வங்கி ஈட்டில் நிலம் நம் கையில் இருக்கிறது, நாம் உழுகிறோம், பத்திரம் மட்டும் அங்கே இருக்கிறது. 1929இல் சென்னையில் மத்தியக் கூட்டுறவு நில அடமான வங்கியைத் தொடங்கியதே, லேவாதேவிக்காரரிடமிருந்து நிலத்தைக் காப்பாற்ற நீண்டகாலக் கடன் வேண்டும் என்பதற்குத்தான். எனவே வங்கிக் கடனே வாங்காதீர்கள் என்று நாங்கள் சொல்லவில்லை. வாங்குகிற கடனின் முழு விலையைத் தெரிந்து வாங்குங்கள் என்கிறோம்.

ஒரு லட்சத்துக்குக் கணக்குப் போடுவோம். உங்கள் கடன் எத்தனை லட்சமோ அத்தனையால் பெருக்கிக்கொள்ளுங்கள்.

ஒரு லட்சம், 12 சதவீதம், பதினைந்து வருஷம், வருஷத்துக்கு ஒரு தவணை. தவணை 14,682 ரூபாய். முதல் வருஷம் ஒரு லட்சத்துக்கு வட்டி 12,000. 14,682இல் 12,000 வட்டிக்குப் போய்விட்டது. அசலுக்குப் போனது 2,682 மட்டும். கடலை மூட்டை என்று வாங்கி வந்து பிரித்துப் பார்த்தால் முக்காலுக்கு மேல் தொலி, அடியில் கொஞ்சம் பருப்பு, அந்தக் கதைதான். அடுத்த வருஷம் அசல் 97,318. அதற்கு வட்டி 11,678. அசலுக்குப் போவது 3,004. மூன்றாம் வருஷம் 3,365. இப்படி எறும்பு ஊர்கிற மாதிரிதான் அசல் குறையும்.

ஐந்து வருஷம் முடியும்போது நாம் கட்டியது 73,412. அசலில் குறைந்தது 17,041. இன்னும் 82,959 நிற்கும். பத்து வருஷம் முடியும்போது கட்டியது 1,46,824. இன்னும் 52,927 நிற்கும். கடைசி ஐந்து வருஷத்தில்தான் பாதிக்கு மேற்பட்ட அசல் தீரும். பதினைந்து வருஷம் முடிந்து கூட்டிப் பார்த்தால் மொத்தம் 2,20,236 ரூபாய். ஒரு லட்சம் வாங்கினோம், வட்டி மட்டும் ஒரு லட்சத்து இருபதாயிரம்.

‘தவணை சிறுசு’ என்ற பேச்சு

கடன் வாங்கப் போனால் முதலில் கேட்பது என்ன? “வருஷத்துக்கு எவ்வளவு கட்டணும்?” என்றுதான் கேட்கிறோம். அவர்களும், “கஷ்டமா இருந்தா இருபது வருஷமாப் போட்டுக்கலாம், தவணை குறையும்” என்கிறார்கள். நல்ல மனதோடுதான் சொல்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். இந்த நான்கு கணக்கையும் பாருங்கள். எல்லாம் ஒரு லட்சத்துக்கு, 12 சதவீதத்துக்கு.

5 வருஷம்: தவணை 27,741. மொத்தம் 1,38,705.
10 வருஷம்: தவணை 17,698. மொத்தம் 1,76,984.
15 வருஷம்: தவணை 14,682. மொத்தம் 2,20,236.
20 வருஷம்: தவணை 13,388. மொத்தம் 2,67,758.

பதினைந்தை இருபது ஆக்கினால் வருஷத்துக்கு 1,294 ரூபாய் குறைகிறது. அதற்காக மொத்தத்தில் 47,522 ரூபாய் கூடுதலாகக் கட்டுகிறோம். பதினைந்தைப் பத்தாகக் குறைத்தால் வருஷத்துக்கு 3,016 ரூபாய் கூட வேண்டும். நாளைக்கு எட்டு ரூபாய் சொச்சம். இன்றைக்கு டீக்கடையில் ஒரு டீக்குக் கூட அது பத்தாது. மிச்சமாவது 43,252 ரூபாய், ஐந்து வருஷம் முன்னாடியே பத்திரமும் கைக்கு வரும்.

போன கூட்டத்தில் ஒரு தம்பி எழுந்து, “பதினைஞ்சு வருஷம் கழிச்சு 14,682 ரூபாய்க்கு இன்னிக்கு இருக்கிற மதிப்பு இருக்காதே அய்யா” என்று கேட்டார். சரியான கேள்வி. பணத்தின் மதிப்பு குறைவது உண்மை. மாதச் சம்பளக்காரருக்கு வருஷா வருஷம் சம்பளம் ஏறும், தவணை அப்படியே நிற்கும், நாளாக ஆகப் பாரம் இறங்கும். நமக்கு ஆள் கூலியும் உரமும் டீசலும் ஏறுகிற வேகத்தில் விளைபொருள் விலை ஏறுகிறதா? இறைக்கிற கிணற்றில் தண்ணீர் ஏறுகிறதா? அதனால் அந்த ஆறுதலை நம்பி நாம் கால வரம்பை நீட்டக் கூடாது.

ஆனாலும் தாங்க முடியாத தவணையைத் தலையில் ஏற்றிக்கொள்ளவும் கூடாது. ஒரு மழை பொய்த்த வருஷத்தில் எவ்வளவு கட்ட முடியும் என்று யோசித்துத் தவணையை முடிவு செய்யுங்கள். நல்ல வருஷத்தில் கூடுதலாக அசலில் கட்டுங்கள். அது எப்படி என்று பின்னால் சொல்கிறோம்.

இன்னொரு முறையும் உண்டு. அசலைச் சமமாகப் பிரித்து, நிற்கிற அசலுக்கு மட்டும் வட்டி சேர்த்துக் கட்டுவது. ஒரு லட்சம், பதினைந்து வருஷம் என்றால் முதல் தவணை 18,667. அது வருஷா வருஷம் 800 ரூபாய் குறைந்துகொண்டே வந்து கடைசித் தவணை 7,467இல் நிற்கும். மொத்தம் 1,96,000. முதல் வருஷங்களில் பாரம் அதிகம், மொத்தத்தில் 24,000 மிச்சம். எந்த முறை என்று கேட்டுத் தெரிந்துகொண்டு கையெழுத்துப் போடுங்கள்.

‘பிளாட்’ வட்டி என்ற பள்ளம்

டிராக்டருக்கும் வண்டிக்கும் கடன் கொடுக்கிற தனியார் பைனான்சில் “12 பெர்சன்ட் பிளாட்” என்பார்கள். வங்கியும் 12, இவர்களும் 12, அலைச்சல் இல்லை என்று நாம் அங்கே போகிறோம். பிளாட் என்றால் அசல் குறைந்தாலும் முதல் நாள் அசலுக்கே கடைசி வரை வட்டி. ஒரு லட்சம், ஐந்து வருஷம்: வருஷ வட்டி 12,000, ஐந்து வருஷத்துக்கு 60,000. மொத்தம் 1,60,000, தவணை 32,000. இதை வங்கி முறையில் கணக்கிட்டால் வட்டி 18 சதவீதம் ஆகிறது. ஒரு ரூபா வட்டி என்று சொல்லி ஒன்றரை ரூபா வாங்குகிறார்கள். “குறையும் அசலுக்கு வட்டியா, முழு அசலுக்கு வட்டியா?” என்ற ஒரு கேள்வியைக் கேட்காமல் எந்தத் தாளிலும் கையெழுத்துப் போடாதீர்கள்.

ஒரு தவணை தவறினால்

இப்போது எங்கள் வீட்டுக் கதையைச் சொல்கிறோம். செயலாளர் என்பதால் நாங்கள் மட்டும் தப்பித்துவிடவில்லை.

2016இல் நிலத்தை ஈடு வைத்து ஒரு லட்சம் வாங்கினோம். பதினைந்து வருஷம், 12 சதவீதம். அந்த வருஷம் வடகிழக்குப் பருவமழை பொய்த்துப் போனது உங்களுக்கெல்லாம் ஞாபகம் இருக்கும். 2017 ஜனவரியில் தமிழ்நாடு முழுவதையும் வறட்சி மாநிலமாக அரசு அறிவித்தது. மார்கழிப் பட்டத்துக் கடலை காய்ந்து மாட்டுக்குத்தான் ஆனது. மார்ச்சில் முதல் தவணை. கட்ட முடியவில்லை.

ஒரு தவணைதானே, கடைசியில் ஒரு வருஷம் கூடும், அவ்வளவுதான் என்று நினைத்தோம். கட்டாத வட்டி 12,000 அசலோடு சேர்ந்தது. அசல் 1,12,000 ஆனது. அடுத்த வருஷம் எப்படியோ 14,682 கட்டினோம். அதில் 13,440 வட்டி. அசலுக்குப் போனது 1,242 ரூபாய். 2019இலும் கட்டினோம். அப்போதும் 1,09,366 நின்றது. மூன்று வருஷம் ஆகிவிட்டது, ரெண்டு தவணை கட்டியிருக்கிறோம், வாங்கியதைவிட 9,000 அதிகமாகக் கடன்.

கணக்குப் போட்டோம். அதே தவணையைக் கட்டிக்கொண்டே போனால் முதல் தவணை தவறிய ஒரே காரணத்தால் பதினைந்து வருஷக் கடன் இருபத்துமூன்று வருஷக் கடன் ஆகிவிட்டது. கட்டப் போகிற மொத்தம் ஏறத்தாழ 3 லட்சத்து 20 ஆயிரம். இதில் அபராதத்தைச் சேர்க்கவில்லை.

அன்றைக்கு ராத்திரி வீட்டில் யாரும் சரியாகத் தூங்கவில்லை. வீட்டம்மாதான் காலையில் சொன்னார்: “ரெண்டு கறவையையும் குடுத்துருங்க. மாடு திரும்ப வாங்கிக்கலாம். நிலத்தைத் திரும்ப வாங்க முடியாது.” அவர் கையால் வளர்த்த மாடு. தரகர் ஓட்டிக்கொண்டு போகும்போது அவர் வெளியே வரவில்லை.

அந்த 40,000 ரூபாயைக் கொண்டுபோய் வங்கியில் கட்டினோம். அங்கே அதை ‘முன்கூட்டிய தவணை’ என்று வரவு வைத்தார்கள். அதாவது அடுத்த ரெண்டு மூன்று தவணைக்கு வைத்துக்கொள்வார்களாம், அசல் குறையாதாம். திரும்பப் போனோம். “இது தவணைக்கு அல்ல, அசலுக்கு. தவணைத் தொகையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்” என்று மனு எழுதிக் கொடுத்து, நகலில் சீல் வாங்கி வந்தோம். மூன்று முறை நடந்த பிறகு அசலில் சேர்ந்தது. அசல் 69,366 ஆனது.

அதன் பலனைக் கேளுங்கள். அந்த நாற்பதாயிரம் கட்டாவிட்டால் அதற்கு மேல் இன்னும் இருபது வருஷம் கட்டியிருக்க வேண்டும், 2039இல்தான் முடியும். கட்டியதால் எட்டே வருஷம், 2027 மார்ச்சோடு தீர்கிறது. கட்டாமல் தப்பிய தவணைகளின் கூட்டுத் தொகை 1 லட்சத்து 80 ஆயிரத்துக்கு மேல். ரெண்டு மாடு பன்னிரண்டு வருஷத்தை மீட்டுக் கொடுத்தது.

எல்லாரும் மாட்டை விற்க வேண்டும் என்று சொல்லவில்லை. இந்தக் கடனில் ஆரம்ப வருஷத்து ஒரு ரூபாய்க்குக் கடைசி வருஷத்து ஒரு ரூபாயைவிடப் பல மடங்கு பலம் உண்டு என்பதைச் சொல்கிறோம். ஒரு லட்சம் கடனில் முதல் தவணையோடு கூடுதலாக 5,000 ரூபாய் அசலில் கட்டினால், பதினைந்தாவது தவணை முழுசாகவே போய்விடும், பதினாலாவது 5,974 ரூபாயாகக் குறையும். கட்டிய 5,000 போக 18,400 ரூபாய் அளவுக்கு மிச்சம். நல்ல மகசூல் வந்த வருஷத்தில் வண்டி வாங்குவதற்கு முன்னால், காதுகுத்துக்குப் பந்தல் பெருசாகப் போடுவதற்கு முன்னால் இதை ஞாபகம் வையுங்கள்.

தவணை நாள் யாருக்காக?

எங்கள் தவணை மார்ச்சில். மார்கழிப் பட்டத்துக் கடலை பிடுங்குவது பங்குனி, சித்திரை. காய் மண்ணுக்குள்ளே இருக்கும்போது தவணைக் கடிதம் வருகிறது. தவணை தவறக் கூடாது என்று சங்கிலியைக் கழற்றி அடகு வைக்கிறோம், இல்லாவிட்டால் வெளியில் மூணு வட்டிக்கு வாங்குகிறோம். கந்துவட்டியைத் தடுக்க 2003இல் சட்டம் போட்டார்கள். வங்கித் தவணை நாளே நம்மைக் கந்துவட்டிக்காரர் வாசலுக்கு அனுப்பினால் அந்தச் சட்டத்தால் என்ன பயன்? தவணை நாளை அறுவடைக்கு ஒரு மாதம் பின்னால் வைத்தால் இந்த அவதி பாதி குறையும். கடன் வாங்கும்போதே எழுத்தில் கேளுங்கள்.

நம்பிக்கொண்டிருக்கிற சில விஷயங்கள்

ஒன்று. “அசலுக்கு மேல வட்டி போகக் கூடாதுன்னு சட்டம் இருக்கு” என்று பலர் சொல்கிறார்கள். சிறு, குறு விவசாயிகளின் குறுகிய காலக் கடனுக்கு ரிசர்வ் வங்கியின் அந்த விதி உண்டு. பதினைந்து வருஷ அடமானக் கடனுக்கு அது பொருந்தாது.

இரண்டு. “பயிர்க்கடனை நாளுக்குக் கட்டினா வட்டியே இல்லையே, இதுக்கும் அப்படித்தான்” என்று நினைக்கிறோம். கூட்டுறவுச் சங்கத்துப் பயிர்க்கடனுக்கு அரசு வட்டியை ஏற்றுக்கொள்கிறது. நிலத்தை ஈடு வைத்து வாங்குகிற நீண்டகாலக் கடனுக்கு அந்தச் சலுகை இல்லை. ரெண்டையும் குழப்பிக்கொள்ளக் கூடாது.

மூன்று. “தள்ளுபடி வரும், பார்த்துக்கலாம்.” 2008இல் மத்திய அரசு தள்ளுபடி செய்தபோது நீண்டகால முதலீட்டுக் கடனில், கட்டாமல் நின்ற தவணைகள் மட்டும்தான் சேர்ந்தன. இனி வரப்போகிற தவணைகள் அப்படியே இருந்தன. 2016இலும் 2021இலும் தமிழக அரசு தள்ளுபடி செய்தது கூட்டுறவு நிறுவனங்களில் வாங்கிய கடனை. வணிக வங்கியில் பத்திரத்தை வைத்தவருக்கு அதில் ஒன்றும் கிடைக்கவில்லை. தள்ளுபடிக்காகப் போராடுவது நம் உரிமை, போராடுவோம். அதை நம்பித் தவணையை நிறுத்தினால் என்ன ஆகும் என்று மேலே கணக்குச் சொன்னோம்.

நான்கு. “விவசாய நிலத்தை பேங்குக்காரன் தொட முடியாது.” 2002ஆம் வருஷத்து சர்ஃபாசி சட்டப்படி, கோர்ட்டுக்குப் போகாமலே சொத்தை எடுத்து ஏலம் விடுகிற அதிகாரம் விவசாய நிலத்துக்குப் பொருந்தாது. உண்மை. ஆனால் வழக்குப் போட்டுத் தீர்ப்பு வாங்கி ஏலம் விடுகிற வழி திறந்துதான் இருக்கிறது. அதோடு, காகிதத்தில் விவசாய நிலம் என்று இருந்தால் போதாது, நடப்பில் விவசாயம் நடக்கிறதா என்று பார்க்க வேண்டும் என்று 2018இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. வருஷா வருஷம் அடங்கலில் பயிரை ஏற்றி வையுங்கள். நிலத்தோடு சேர்த்து வீட்டையும் எழுதிக் கொடுத்தால் வீட்டுக்கு இந்தப் பாதுகாப்பு இல்லை. கேட்டாலும் வீட்டைச் சேர்த்து எழுதிக் கொடுக்காதீர்கள்.

நம் கோரிக்கைகள்

கணக்கைத் தெரிந்துகொள்வது பாதி வேலை. மீதி, நாம் சேர்ந்து நின்று கேட்பது. நம் சங்கம் வைக்கிற கோரிக்கைகள் இவை:

1. கடனின் முழு விலையைத் தாளில் கொடு. சில்லறைத் தவணைக் கடன்களுக்கும் குறு, சிறு, நடுத்தரத் தொழில் கடன்களுக்கும், எல்லாக் கட்டணமும் சேர்ந்த உண்மையான வருஷ வட்டியும், தவணை வாரியாக அசல், வட்டி விவரமும் அடங்கிய தாளை, கடன் வாங்குகிறவருக்குப் புரிகிற மொழியில் கொடுக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி உத்தரவிட்டு, 2024 அக்டோபர் 1 முதல் அது நடப்பில் இருக்கிறது. நிலத்தை ஈடு வைக்கிற ஒவ்வொரு விவசாயிக்கும் அதே தாள், தமிழில், கையெழுத்துக்கு முந்தியே வேண்டும். வக்கீல் கட்டணம், மதிப்பீட்டுக் கட்டணம், பதிவுச் செலவு, காப்பீடு எல்லாம் அதில் வர வேண்டும்.

2. தவணை நாளை அந்தந்த வட்டாரத்து அறுவடையைப் பார்த்து வை.

3. கூடுதலாகக் கட்டுகிற பணத்தை அன்றைக்கே அசலில் வரவு வை. காலத்தைக் குறைப்பதா, தவணையைக் குறைப்பதா என்பதை விவசாயி முடிவு செய்யட்டும். அதற்கு அபராதம் எதுவும் கூடாது.

4. வறட்சி, வெள்ளம், புயல் என்று அரசு அறிவித்த வருஷத்தில் வட்டிக்கு வட்டி போடாதே. 2020இல் கொரோனா காலத்தில் மார்ச் முதல் ஆகஸ்ட் வரை தவணையை ஒத்திவைத்தார்கள். அந்த மாதங்களுக்கு வட்டிக்கு வட்டியோ, அபராத வட்டியோ வாங்கக் கூடாது என்று 2021 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. நோய்க்கு ஒரு நீதி, வறட்சிக்கு ஒரு நீதியா?

5. தவணை தாமதத்துக்கு அபராத வட்டி என்று வட்டியோடு சேர்க்கக் கூடாது, அபராதக் கட்டணத்துக்கு மேல் வட்டி ஏற்றக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2023இல் சொன்னதை ஒவ்வொரு கிளையும் கடைப்பிடிக்க வேண்டும்.

6. கடன் தீர்ந்தால் பத்திரத்தைக் கொடு. வீட்டுக்கடன் போன்ற தனிநபர் கடன் தீர்ந்து 30 நாளுக்குள் மூலப் பத்திரத்தைத் திருப்பித் தர வேண்டும், தாமதித்தால் நாளுக்கு 5,000 ரூபாய் தர வேண்டும் என்று 2023 டிசம்பர் முதல் விதி இருக்கிறது. நிலக் கடனுக்கும் அதே விதியை நீட்டு.

7. பயிர்க்கடனுக்குத் தருகிற வட்டிச் சலுகையில் ஒரு பங்கையாவது கிணறு, பைப், நிலம் சீர்திருத்தம் ஆகியவற்றுக்காகச் சிறு விவசாயி வாங்குகிற நீண்டகாலக் கடனுக்கும் கொடு.

இப்போது செய்ய வேண்டியது

இன்று வீட்டுக்குப் போனதும் ஐந்து காரியம் செய்யுங்கள். கடன் பாஸ்புத்தகத்தை எடுத்து, வாங்கியது எவ்வளவு, கட்டியது எவ்வளவு, நிற்பது எவ்வளவு என்று மூன்று வரி எழுதுங்கள். வங்கியில் முழுக் கணக்கு விவரத்தை எழுத்தில் கேளுங்கள். வட்டி விகிதம் நடுவில் மாறியிருக்கிறதா என்று பாருங்கள். கூடுதலாகக் கட்டினால் ‘அசலுக்கு’ என்று எழுதிக் கொடுத்து நகலில் சீல் வாங்குங்கள். கடன் தீர்ந்தவர்கள், ரசீதை சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்து, வில்லங்கச் சான்று போட்டு அடமானம் நீங்கிவிட்டதா என்று பாருங்கள். அப்பா தீர்த்த கடன் மகன் காலத்து வில்லங்கச் சான்றில் நிற்பதை நாங்கள் பார்த்திருக்கிறோம்.

கணக்குப் போடத் தெரியாதவர்கள் கூச்சப்பட வேண்டாம். வாரா வாரம் ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் சங்க அலுவலகத்தில் உட்கார்ந்திருப்போம். பாஸ்புத்தகத்தைக் கொண்டு வாருங்கள். பெண்களும் வாருங்கள். ஈட்டுப் பத்திரத்தில் உங்களிடமும் கையெழுத்து வாங்குகிறார்கள், கணக்கை மட்டும் உங்களுக்குச் சொல்வதில்லை.

இந்த ஏழு கோரிக்கைகளையும் எழுதி, கிராமக் கிளை ஒவ்வொன்றிலும் கையெழுத்து வாங்கி, வங்கிக் கிளைகளிலும் வட்டாட்சியர் அலுவலகத்திலும் ஒரே நாளில் மனுக் கொடுக்கும் போராட்டம் நடத்தப் பேரவை தீர்மானித்திருக்கிறது. தேதியைக் கிளைச் செயலாளர்கள் சொல்வார்கள். மனுவோடு உங்கள் மூன்று வரிக் கணக்கையும் கொண்டு வாருங்கள். வாங்கியது, கட்டியது, நிற்பது. நூறு பேர் கணக்கை வரிசையாக மேஜை மேல் வைத்தால், அதற்குப் பதில் சொல்லாமல் எந்த அதிகாரியும் எழுந்து போக முடியாது.

அந்த ரெண்டரை ஏக்கர்க்காரர் கணக்குப் புரிந்ததும் சொன்னது ஒன்றுதான்: “இது அன்னிக்கே தெரிஞ்சிருந்தா பத்து வருஷத்துல முடிச்சிருப்பேன் அண்ணே.” நம் ஊரில் இனி யாரும் அப்படிச் சொல்லக் கூடாது.

தவணையைக் கேட்காதே, மொத்தத்தைக் கேள்!
அறுவடைக்குப் பின் தவணை, அதுவே எங்கள் கோரிக்கை!
நிலம் நம்முடையது, பத்திரமும் நம் வீட்டுக்கு வரட்டும்!